மலையகத்தில் போய் 'யுத்தம்' என்று கேட்காதீர்கள்

கேள்வி கேட்ட தங்கச்சி ஹட்டனில் பிறந்து கொழும்பில் வேலை செய்கிறவர். யுத்த கால நினைவுகளைப் பற்றி மலையகத்தில் ஒரு ஆவணப்படம் எடுக்க ஆசைப்பட்டு, மூன்று தேயிலைத் தோட்டங்களில் கெமராவை வைத்துப் பார்த்திருக்கிறார். எல்லோரும் ஒரே மாதிரி, "இங்க யுத்தம் ஒன்னும் நடக்கலையே, அதெல்லாம் அங்கிட்டு" என்று சொல்லி, தேத்தண்ணி கொடுத்து அனுப்பிவிட்டார்களாம். பயப்படுகிறார்களா, மறந்துவிட்டார்களா, இங்கே படத்துக்கு விஷயமே இல்லையா என்று கேட்டிருக்கிறார்.

விஷயம் இருக்கிறது. உங்கள் கேள்வியில் இருந்த சொல்தான் சிக்கல்.

நான் இயக்குநர் இல்லை, அதை முதலில் சொல்லிவிடுகிறேன். மஸ்கெலியா பக்கம் ஒரு லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர் இருக்கும் வரிசை வீட்டில், பிறந்தவன், பதினைந்து வருடமாக மற்றவர்கள் எடுக்கிற ஆவணப்படங்களுக்கு ஒலிப்பதிவு செய்கிறேன், ஆள் தேடிக் கொடுக்கிறேன், பேசியதை எழுதி மொழிபெயர்த்துக் கொடுக்கிறேன். அதனால் என் பதில் கொஞ்சம் காதால் யோசிக்கிறவனின் பதிலாக இருக்கும்.

தோட்டத்தில் மிகவும் வயதானவர்களிடம் 'யுத்தம்' என்று சொல்லிப் பாருங்கள், ஜப்பான்காரன் வருவான். 1942 ஏப்ரலில் ஜப்பான் விமானங்கள் கொழும்பிலும் திருகோணமலையிலும் குண்டு போட்டன, அதற்குச் சற்று முன்னால் பர்மா விழுந்ததால் அங்கிருந்து வந்துகொண்டிருந்த அரிசி நின்றது, கூப்பன் வந்தது. கண்டியில் அந்த யுத்தத்துக்கு ஒரு மயானம் இருக்கிறது, இருநூறு கல்லறைகளுக்குக் கிட்ட, பெயர் வெட்டிய கல், ஒழுங்காக வெட்டிய புல். ஆக அந்தத் தலைமுறைக்கு யுத்தம் என்றால் கூப்பன் அரிசி. அதற்கு அடுத்த தலைமுறைக்கு யுத்தம் என்றால் டிவியில் பார்த்தது. தங்கள் வீட்டுக் கூரை எரிந்ததையோ, மகன் திரும்பி வராததையோ அந்தச் சொல்லுக்குள் அவர்கள் வைக்கவில்லை. அவற்றுக்கு வேறு பெயர்கள் இருக்கின்றன. எனக்குத் தெரிந்து நான்கு: கலவரம், கப்பல், வன்னி, ஐசி (அடையாள அட்டை).

கலவரத்தில் இருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் அதுதான் எல்லோரும் முதலில் வாய்திறக்கிற இடம். வெளியில் இருந்து வருகிறவர்களுக்கு 1983 ஜூலை மட்டும்தான் தெரியும். கொழும்பில் 24ஆம் திகதி தொடங்கியது, 27 அளவில் பதுளைக்கும் 29இல் நுவரெலியாவுக்கும் வந்துவிட்டது. ஆனால் மலையகத்துக்கு அது முதல் தடவை இல்லை. 1977 ஆகஸ்டில், தேர்தல் முடிந்து ஒரு மாதம்கூட ஆகாத நிலையில், தோட்டங்களில் லயங்கள் எரிந்தன, சனம் ராத்திரிகளில் தேயிலைக்குள் படுத்துக் கிடந்தது. 1981 ஆகஸ்டில் இரத்தினபுரிப் பக்கம் மறுபடி. எண்பத்துமூன்று மூன்றாவது. இதைத் தெரிந்துகொண்டு போகாவிட்டால் நீங்கள் கேட்கிற கதைகள் ஒன்றோடு ஒன்று பொருந்தாது.

ஒரு உதாரணம் சொல்கிறேன். ஊவாப் பக்கம் ஒரு தோட்டத்தில் ஒரு பாட்டி, பெயரும் தோட்டமும் வேண்டாம், "எண்பத்துமூணு கலவரத்துல" என்று தொடங்கி ஒரு மணி நேரம் பேசினார். அருமையான பதிவு. பெரிய மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு மானாப்புல்லுக்குள் ஓடியது, பிள்ளை அழாமல் இருக்க வாயில் சீனி வைத்தது, ஸ்டோருக்குள் நூறு பேர் நெருக்கி உட்கார்ந்தது, எல்லாம். பிறகு எழுத்தாக்கம் செய்யும்போதுதான் உறைத்தது: அந்த மகள் பிறந்தது 1976. எண்பத்துமூன்றில் ஏழு வயதுப் பிள்ளையை யார் இடுப்பில் தூக்கிக்கொண்டு ஓடுவார்கள்? பாட்டி சொன்னது எழுபத்தேழு. என்னோடு வந்த இயக்குநர், பாவம், "இது தவறான தகவல், வெட்டிவிடலாம்" என்றார்.

வெட்டக்கூடாது. இத்தாலியில் வாய்மொழி வரலாறு சேகரித்த அலெஸாண்ட்ரோ போர்ட்டெல்லி என்பவர் இதைப் பற்றித்தான் வருடக்கணக்கில் யோசித்தார். தெர்னி என்ற இரும்பாலை நகரில் லூயிஜி ட்ராஸ்டுல்லி என்ற 21 வயதுத் தொழிலாளி 1949இல் ஒரு ஆர்ப்பாட்டத்தில் பொலிஸால் கொல்லப்பட்டான். ஊர் சனத்தில் பலர் அந்தச் சாவை 1953இல், ஆயிரக்கணக்கானோரை வேலையில் இருந்து நிறுத்தியபோது நடந்த போராட்டத்தில் நடந்ததாகச் சொன்னார்கள். நேட்டோவில் இத்தாலி சேர்வதை எதிர்த்த ஊர்வலத்தில் ஒரு பையன் செத்தான் என்பது அவர்களுக்குப் போதுமான காரணமாகப் படவில்லை, அதனால் சாவைக் கொண்டுபோய்ப் பெரிய சண்டைக்குள் வைத்துவிட்டார்கள். பிழையான திகதிதான் அங்கே நல்ல சாட்சி.

நம் பாட்டிக்கும் அதேதான் நடந்திருக்கிறது என்று நினைக்கிறேன். எண்பத்துமூன்றுக்குப் பெயர் இருக்கிறது. வருகிறவன் போகிறவன் எல்லாம் அதைத்தான் கேட்கிறான். எழுபத்தேழை யாரும் கேட்பதில்லை. ஆகவே தன் கதையைக் கேட்க ஆள் இருக்கிற இடத்துக்குப் பாட்டி அதை நகர்த்திவிட்டார். படத்தில் இரண்டையும் வையுங்கள்: அவர் சொன்ன வருடம், மகளின் பிறப்புச் சான்றிதழ். விளக்கம் வேண்டாம், பார்க்கிறவர்கள் கணக்குப் போட்டுக்கொள்வார்கள்.

அதனால் "எந்த வருடம்?" என்று கேட்பதை விட்டுவிடுங்கள். பாண் கியூவில் நின்ற பஞ்சத்துக்கு முன்னா பின்னா? (அது 1973-74.) தோட்டம் கவர்மெண்ட் கைக்குப் போன பிறகா? கம்பெனி தோட்டங்கள் போனது 1975. எந்தத் துரை (தோட்ட மேலாளர்) இருந்தார்? யார் வயிற்றில் இருந்தார்? கப்பல் நின்ற பிறகா? இந்தக் கடைசிக் கேள்வியைப் போல ஒரு கேள்வி கிடையாது.

கப்பல் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும், இருந்தாலும் சுருக்கமாக. 1948இன் பிரஜாவுரிமைச் சட்டம் தோட்டச் சனத்தை நாடற்றவர்களாக்கியது. 1964 ஒக்டோபர் 30இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேருக்கு இங்கே பிரஜாவுரிமை, மீதி ஒன்றரை லட்சத்தை 1974இல் பாதி பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். சனத்தைக் கேட்டா செய்தார்கள்? அப்புறம் கோச்சியில் (ரயிலில்) தலைமன்னார், அங்கிருந்து ராமானுஜம் கப்பலில் ராமேஸ்வரம். 1984இல் வடக்கில் சண்டை முற்றி அந்தக் கப்பல் ஓட்டம் நின்றது. பாஸ்போட் கையில் வாங்கி, கோழியை விற்று, காம்பராவை (லயத்து அறையை) ஒழித்துக் கொடுக்கத் தயாராக இருந்த குடும்பங்கள் அப்படியே நின்றன. இந்தியன் என்று எழுதிய தாளோடு இலங்கையில். அந்தச் சிக்கலைத் தீர்க்க 1988இலும் 2003இலும் சட்டம் கொண்டுவர வேண்டியிருந்தது.

இப்போது அதே பாட்டிக்கு வருகிறேன். முதல் நாள் நான் மைக்கைக் குத்திக்கொண்டிருக்கும்போதே அவரும் "யுத்தம் இங்க நடக்கல தம்பி" என்றுதான் சொன்னார். மூன்றாம் நாள், கெமராவை எல்லாம் பையில் வைத்துவிட்டுப் புறப்படும் நேரத்தில், கட்டிலுக்கு அடியில் இருந்து ஒரு தகரப்பெட்டியை இழுத்தார். மேலே கல்யாணச் சேலை, அதற்குக் கீழே பொலித்தீன் பையில் இந்தியப் பாஸ்போட். குடும்பமாக எடுத்த படம்: புருஷன், அவர், நான்கு பிள்ளைகள், எல்லோரும் கெமராவைப் பார்த்து முறைக்கிறார்கள், கடைசிக்குட்டி மட்டும் வேறெங்கோ பார்க்கிறது. முந்தானையால் அந்தப் படத்தைத் துடைத்தார், தூசி இருந்ததாக எனக்குத் தெரியவில்லை. மூத்த பையன் மேல் விரலை வைத்து, "கப்பல் நிக்காட்டி இவன் அங்க இருந்திருப்பான்" என்றார்.

பையன் கிளிநொச்சிக்குச் சித்தப்பா வீட்டுக்குப் போனவன். சித்தப்பா எழுபத்தேழில் போனவர். கப்பலும் இல்லை, தோட்டத்தில் பேர் பதியவும் இல்லை என்றால் இருபது வயதுப் பையன் என்ன செய்வான், வயல் இருக்கிற இடத்துக்குப் போவான். அங்கே கல்யாணம் முடித்தான், இரண்டு பிள்ளைகள். கடைசிக் கடிதம் 2008. அதற்குப் பிறகு ஒன்றும் இல்லை.

"யுத்தம் இங்க நடக்கல" என்று சொன்னது இந்தப் பாட்டிதான். பொய் சொல்லவில்லை. அவர் கணக்கில் மகனைக் கொண்டுபோனது கப்பல். நான் ரெக்கோர்டரை மறுபடி எடுக்கவா என்று கேட்டேன், எடுங்கள் என்றார், மழை தகரத்தில் கொட்டத் தொடங்கியது, பதிவில் பாதி சொல் கேட்காது. எனக்கு வாய்த்த நல்ல பதிவுகளில் அது ஒன்று.

வன்னி என்பது இந்தக் கதையின் மற்றப் பக்கம். எழுபத்தேழுக்குப் பிறகு ஆயிரக்கணக்கான தோட்டக் குடும்பங்கள் வவுனியா, கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் போய்க் காடு வெட்டி உட்கார்ந்தன. டேவிட் ஐயாவும் டொக்டர் ராஜசுந்தரமும் நடத்திய காந்தியம் அமைப்பு பலரைக் குடியேற்றியது. ராஜசுந்தரம் 1983 ஜூலையில் வெலிக்கடைச் சிறையில் கொல்லப்பட்டார். கென்ட், டொலர் பண்ணைகள் என்று செய்திகளில் படித்திருப்பீர்கள். 1984இல் அங்கிருந்த தமிழ்க் குடும்பங்களை விரட்டிவிட்டு சிங்களக் கைதிகளைக் குடியேற்றினார்கள், அதே வருடம் நவம்பர் 30இல் புலிகள் அங்கே புகுந்து பலரைக் கொன்றார்கள். யுத்த வரலாற்றில் அந்தப் பெயர்கள் அந்த ஒரு நாளுக்காக நிற்கின்றன. லயத்தில் கேட்டால் 'மாமா குடும்பம் கச்சான் போட்ட இடம்'. இரண்டும் ஒரே நிலம். உங்கள் படம் இந்த இரண்டுக்கும் நடுவில் எங்கேயோ இருக்கிறது.

இன்னொன்று, எண்ணிக்கை. 1971 சனத்தொகைக் கணக்கில் இந்தியத் தமிழர் 11 லட்சத்து 74 ஆயிரம். 1981இல் 8 லட்சத்து 18 ஆயிரம். பெரும்பகுதி கப்பலில் போனது. ஒரு பகுதி வன்னிக்குப் போய் 'இலங்கைத் தமிழர்' என்று பதிந்தது. அப்படிப் பதிந்தவர்கள் பிறகு எப்படிச் செத்தாலும் மலையகக் கணக்கில் வரமாட்டார்கள். 2009இல் வன்னியில் போனவர்களில் எத்தனை பேருடைய தாய்தகப்பன் கொழுந்து பறித்தவர்கள் என்று பிரித்துச் சொல்லும் ஒரு பட்டியல்கூட என் கண்ணில் பட்டதில்லை. கிளிநொச்சியில் மலையாளபுரம், பாரதிபுரம், கிருஷ்ணபுரம் பக்கம் ஒருமுறை போய்வாருங்கள். பேச்சு உடனே தெரியும், 'அங்கிட்டு இங்கிட்டு' என்று நம் வீட்டுத் தமிழ். மலையகத்திலேயே முழுப் படத்தையும் எடுக்க நினைக்காதீர்கள்.

ஐசி பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், ஏனென்றால் இதை ஆண்கள் தாங்களாகவே சொல்வார்கள், அதுவும் கொஞ்சம் சிரிப்போடு. தொண்ணூறுகளில் கொழும்பில் கடை கடையாக நின்றவர்கள் நம் பையன்கள். ரவுண்டப் என்றால் முதலில் கேட்பது அடையாள அட்டை, நம்மில் பலருக்கு அதுவே கிடையாது. புறக்கோட்டையில் புடவைக்கடையில் நின்ற ஒருவர் எனக்கு நடித்தே காட்டினார்: டோர்ச் வெளிச்சம் முகத்தில் விழுந்ததும் கையை உயர்த்தவும் முன்னால் அவர் வாயில் தானாக வருமாம், "வத்தே சேர், வத்தே." தோட்டம் சேர், தோட்டம். யாழ்ப்பாணம் இல்லை என்பதற்கு. அதைச் சொல்லித் தப்பித்த இரவுகளில் பக்கத்துப் பாயில் படுத்திருந்த யாழ்ப்பாணத்துப் பையனைக் கொண்டுபோனார்கள் என்பதை அவர் சிரிக்காமல் சொன்னார். அந்த இடத்தில் கேள்வி கேட்காதீர்கள். சும்மா இருங்கள், கெமரா ஓடட்டும்.

சரி, எடுக்கும் முறை. லயம் தோட்டத்துக்குச் சொந்தம், அனுமதி துரையிடம் வாங்க வேண்டும், வாங்கினால் உங்களோடு ஒரு ஆளை அனுப்புவார்கள், அந்த ஆள் உட்கார்ந்திருக்கும்வரை யாரும் எதுவும் சொல்லமாட்டார்கள். அனுமதி வாங்காமல் போனால் நீங்கள் போன பிறகு பேச்சு வாங்குவது அந்த வீட்டுக்காரர்கள். நான் கண்ட வழி: அனுமதியைக் கோயில் திருவிழாவை எடுக்க என்றோ, பொதுவாக வாழ்க்கையை எடுக்க என்றோ வாங்கிவிட்டு, பேட்டியைப் பக்கத்து டவுனில் சொந்தக்காரர் வீட்டில் வைப்பது. முழுக்க நேர்மை என்று சொல்லமாட்டேன். தொழிற்சங்கத் தலைவர் மூலம் போவது சுலபம், ஆனால் அப்போது எல்லோரும் தலைவருக்குப் பிடித்த வரலாற்றைச் சொல்வார்கள்.

நாளும் பார்க்க வேண்டும். காலையில் பெரட்டு (வேலைக்கு ஆள் பிரிப்பது), மத்தியானம் கொழுந்து நிறுவை, சம்பளம் பத்தாம் திகதி, அந்த வாரம் டவுன், கடன், சண்டை. ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்கு மேல் நல்லது, கோயிலில் லவுட்ஸ்பீக்கர் போடாமல் இருந்தால். ஹட்டன் பக்கம் மே மாதத்தில் இருந்து மழை, ஊவாப் பக்கம் வருடக் கடைசியில் மழை, இரண்டும் வேண்டுமென்றால் பெப்ரவரி - மார்ச். பேட்டிக்குச் சின்ன மைக்கைச் சேலையில் குத்திவிடுங்கள், காம்பரா சுவரில் சத்தம் எதிரொலிக்கும் என்பதால் கதவில் ஒரு கம்பளி தொங்கவிடுங்கள். பக்கத்துக் காம்பராவில் எல்லாம் கேட்கும் என்பதை மறக்காதீர்கள். அடிக்குரலில் பேசுகிறார்கள் என்றால் அதற்குக் காரணம் நீங்கள் இல்லை, சுவர்.

காட்சிக்கு என்ன செய்வது என்று எல்லா இயக்குநரும் தலையைப் பிய்த்துக்கொள்கிறார்கள். எரிந்த லயத்தின் பழைய படம் கிடைக்காது. புகைபோட்டுத் தீவைத்து நடித்துக் காட்டுவதைத் தயவுசெய்து செய்யவேண்டாம், பேசினவரையே அது பொய்யாக்கிவிடும். கம்போடியாவில் ரித்தி பான் தன் குடும்பம் செத்த காலத்துக்குப் படம் இல்லை என்று களிமண் பொம்மைகள் செய்து வைத்தார். அது அவருடைய வழி, நம்மிடம் தாள் இருக்கிறது. பாஸ்போட், கூப்பன், குடும்ப அட்டை, பிறப்புச் சான்றிதழில் பிழையாக எழுதிய பெயர், கப்பலில் போனவர்கள் கோத்தகிரியில் இருந்தும் கூடலூரில் இருந்தும் எழுதிய நீலக் கடிதங்கள். தாளை நெருக்கத்தில் எடுங்கள், அதைப் பிடித்திருக்கும் விரலோடு. கொழுந்து எடுத்த விரல்களில் கறை போவதில்லை.

மவுசாக்கலை நீர்த்தேக்கத்தில் தண்ணீர் வற்றும்போது பழைய மஸ்கெலியாவின் கோயில் தலைநீட்டுமே, அதை 'மூழ்கிய நினைவு' என்று காட்டாதீர்கள். 1969இல் அணை கட்டிய பிறகு எங்கள் ஊருக்கு வந்த கெமராக்காரர் எல்லோரும் அதைக் காட்டிவிட்டார்கள். எனக்கே அலுத்துவிட்டது, ஊர்க்காரன் நான்.

ஒப்பாரி பாடச் சொல்லாதீர்கள். சில கிழவிகள் தாங்களாகவே தொடங்குவார்கள், அப்போது நிறுத்தவும் வேண்டாம்.

யாருடைய முகம், யாருடைய பெயர் படத்தில் வரும் என்பதை எடுத்த அன்றைக்கு முடிவு செய்யவேண்டாம். முகம் காட்டச் சம்மதித்தவர் ஆறு மாதம் கழித்து மகனுக்கு வெளிநாட்டு வேலை வந்ததும் வேண்டாம் என்பார். உரிமை அவருடையது. பயங்கரவாதத் தடைச் சட்டம் 1979இல் தற்காலிகம் என்று வந்து நாற்பது வருடத்துக்கு மேல் நீடித்த நாடு இது. அதற்குள் உறவினரைப் பறிகொடுத்த குடும்பம் தயங்குவதற்கு உங்களிடம் காரணம் சொல்லத் தேவையில்லை. முக்கியமாக பிந்துனுவெவ. பண்டாரவளைக்குப் பக்கத்தில் அங்கிருந்த புனர்வாழ்வு முகாமில் 2000 ஒக்டோபர் 25இல் ஒரு கும்பல் புகுந்து குறைந்தது 27 தமிழ் இளைஞர்களைக் கொன்றது, பொலிஸ் காவலுக்கு நின்றுகொண்டிருந்தது. 2003இல் ஐந்து பேருக்கு மரண தண்டனை, 2005 மே மாதத்தோடு எல்லோரும் விடுதலை. யுத்தம் இங்கே நடக்கவில்லை என்று சொல்கிறவர்களிடம் இந்தப் பெயரைச் சொன்னால் முகம் மாறும். ஆனால் அக்கம்பக்கத்தில் இருபக்கத்துச் சனமும் இன்றைக்கும் வாழ்கிறது, உங்களுக்குக் கதை சொன்னவர் மறுநாள் அதே கடையில் பாண் வாங்கவேண்டும். அந்தப் பகுதியைப் படத்தில் வைப்பதென்றால் நீதிமன்றப் பதிவுகளை வைத்துச் செய்யுங்கள், பக்கத்து வீட்டுக்காரரை வைத்துச் செய்யாதீர்கள்.

தாளுக்கு எங்கே போவது: எழுபத்தேழுக்கு சன்சோனி ஆணைக்குழுவின் அறிக்கை இருக்கிறது, 1980இல் வந்தது, எங்கே என்ன நடந்தது என்று சாட்சி சாட்சியாக. அதன் முடிவுகளோடு நான் சண்டை பிடிப்பேன், சாட்சியங்களுக்காகப் படிக்கலாம். நூலகம் இணையத்தளத்தில் மலையகச் சஞ்சிகைகள், சங்க வெளியீடுகள் நிறைய. பழைய வீரகேசரி, தினகரன் பார்க்கக் கொழும்பில் சுவடிகள் திணைக்களம். கம்பளைக்குப் பக்கத்தில் ஒரு பழைய லயத்தையே தோட்டத் தொழிலாளர் அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள், ஒரு முழு நாள் ஒதுக்கிப் போங்கள்.

கடைசியாக நீங்கள் கேட்டிருந்தது, நான் முன்பு எங்கேயோ சொன்ன அந்த மழைச் சத்தப் பதிவைக் கேட்கலாமா என்று. அந்தப் படம் பணம் இல்லாமல் பாதியில் நின்றுபோனது, பதிவு என் வீட்டில் ஒரு ஹார்ட் டிஸ்க்கில் இருக்கிறது. பாட்டி போன வருடம் தவறிவிட்டார். பெரிய மகள் பசறைப் பக்கம் இருக்கிறார், ஆம், இடுப்பில் இருந்த அந்தப் பிள்ளைதான். அடுத்த மாதம் அந்தப் பக்கம் வேலையாகப் போகிறேன், அவரிடம் முதலில் போட்டுக் காட்டிவிட்டுக் கேட்டுச் சொல்கிறேன்.